தூவாலித் தீவைக் கடல் கொள்ளவில்லை

நீர் வாழ்க, நிலம் வாழ்க, இரண்டுக்கும் நடுவே நின்று உழைக்கும் மாந்தர் யாவரும் வாழ்க.

ஏழு ஆற்றுமுகமும் இரு கடற்கரையும் தம் ஆணைக்குள் கொண்ட வளைகடல் நாட்டுப் பெருவேந்தர் கோ அடலனார் திருவாய்மொழிந்தருள, அவர் திருவோலை எழுதும் பேரமைச்சன் நக்கன் கொற்றன், சுறவத்துறையும் அதன் உப்பங்கழி பதினெட்டும் ஆளும் சிற்றரசி, அலைவாய்ச் செல்வி, அடைக்கலம் என்று வந்தவரை வாயிலில் காக்க வைத்தறியாத எழினி நங்கையாருக்கு எழுதி விடுக்கும் ஓலை. உங்கள் துறையில் கலங்கள் நங்கூரம் பிழையாது நிற்பனவாகுக. உங்கள் உப்பளங்களில் கோடை மழை இறங்காதிருப்பதாகுக. உங்கள் முழங்கால் வலி தணிவதாகுக. கடைசியில் சொன்ன வாழ்த்து ஓலை மரபில் இல்லைதான். ஆனால் சென்ற ஓலையில் அதைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தீர்கள்; படித்துவிட்டுப் படிக்காதவன்போல் இருக்க எமக்கு மனம் வரவில்லை.

நீங்கள் கேட்டது இது. மாசித் திங்களில், வீட்டு உத்தரங்களையும் கதவுப் பலகைகளையும் கயிற்றால் தைத்துக் கட்டிய ஒரு மரக்கலம் உங்கள் துறையில் வந்து ஒதுங்கியது. அதில் முப்பத்தேழு பேர். தாங்கள் தூவாலித் தீவினர் என்கிறார்கள். நம் திசைச்சுவடியிலோ, தூவாலியைக் கடல் கொண்டது என்று ஏழாண்டுக்கு முன்பே எழுதி முத்திரையும் இட்டாயிற்று. இல்லாத நாட்டிலிருந்து ஆள் எப்படி வரும்? சுவடியில் நாடில்லாதவர் திசையிலார். திசையிலாரை, மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்று எழுந்த முதல் நாளே அவர்கள் வந்த கலத்திலேயே ஏற்றிக் கடலுக்குள் விட்டுவிட வேண்டும் என்பது நம் முன்னோர் வைத்த முறை. கடற்கொள்ளையர் வாயில் வந்த நாட்டுப் பெயரைச் சொல்லிக் குடியேறிய காலத்தில் வைத்தது. அந்தக் கலமோ கழியில் நிற்கும்போதே தண்ணீர் இறைக்க ஆள் கேட்கிறது, நடுக்கடலில் இரண்டு நாள் தாங்காது, கச்சான் எழ இன்னும் இருபது நாள்தான் இருக்கிறது, யான் என்ன செய்யட்டும் என்று கேட்டிருந்தீர்கள். வேந்தர் ஆணையை அடியில் எழுதியிருக்கிறோம். அதற்கு முன் ஒருவருடைய கதையைச் சொல்லியாக வேண்டும்.

உங்கள் துறைச் சாவடியில் இருபத்திரண்டு ஆண்டாகத் திசைச்சுவடி எழுதும் காரி ஏறனை நீங்கள் நன்கு அறிவீர்கள். உலகத்து நாடுகள் நூற்றுப் பதினாறும் அவர் நாவில் இருக்கின்றன. ஆண்டில் பாதி நாள் ஏரித் தண்ணீர் கல்லாய் இறுகிக் கிடக்க அதன்மேல் வண்டி ஓட்டுகிற நாடு, மழை என்ற சொல்லே இல்லாமல் ஆற்று வெள்ளத்தை மட்டும் நம்பி உழுகிற நாடு, ஆறு படுக்கை மாறிக்கொண்டே போக அதன் பின்னாலேயே மூன்று முறை தலைநகரைத் தூக்கிக்கொண்டு அலைந்த நாடு, எல்லாவற்றையும் அடுத்த தெருச் செய்திபோலச் சொல்லுவார். ஆள் மட்டும் துறையை விட்டு நகர்ந்ததில்லை. கழித் தோணியில் ஏறினாலே குமட்டுமாம். கப்பல் ஏறிப் போனவர்கள் வந்து சொல்வதை உட்கார்ந்து எழுதுவதே தமக்குச் சரி என்பார்.

எழுதும் முறையும் ஒழுங்கானதே. அயல்நாட்டார் யார் வந்தாலும் சரக்கு இறக்கும் முன் மூன்று கேள்வி. உங்கள் நாட்டில் குடிநீர் எங்கே எடுக்கிறீர்கள்? எந்தக் காற்றுக்கு மழை? ஊர் முழுதும் சேர்ந்து கடைசியாக எதற்கு அழுதீர்கள்? முதல் இரண்டில் நிலம் தெரிந்துவிடும். மூன்றாவதில் அந்நாட்டின் வரலாறு தெரிந்துவிடும். அரசர் பெயர்களை யாரும் கூட்டியும் குறைத்தும் சொல்லிவிடலாம், அழுததை யாரும் கதை கட்டமாட்டார்கள் என்பது ஏறனின் நம்பிக்கை. முன்னொரு நாள் ஒரு மாலுமி, ஒற்றைக்கால் மனிதர் நாட்டைத் தான் கண்டதாகப் பெரிதாக அளந்துகொண்டிருந்தான். ஏறன் முகம் மாறாமல், “சரிப்பா, ஒத்தக்கால்ல நொண்டிக்கிட்டே போயி எந்தக் கிணத்துல தண்ணி மோக்குறாங்க, அதைச் சொல்லு” என்று கேட்டாராம். மாலுமி சிரித்துக்கொண்டே எழுந்து போய்விட்டான்.

இந்த அளவுக்குக் கெட்டிக்காரர்தான் தூவாலியில் வழுக்கினார். எப்படி என்பதை அவர் சொன்னபடியே எழுதுகிறோம்.

சுவடியில் ஒவ்வொரு நாட்டுக்கும் ஓர் அடையாளம் உண்டு. மீகாமன் கலத்தைச் செலுத்தி வரும்போது தூரத்தே முதலில் கண்ணில் படுவது எதுவோ, அது. ஒரு நாட்டுக்கு வெண்பாறை, இன்னொன்றுக்கு இரட்டைப் பனை. தூவாலிக்கு அதன் நடுவிலிருந்த மலை. இரவும் பகலும் புகைந்துகொண்டே இருக்கும். அந்தப் புகையைக் கண்டுதான் சந்தன நாட்டுக்குப் போகும் நம் கலங்களெல்லாம் வழி பிடித்தன. அடையாளம் தெரியவில்லை என்று தனித்தனியே வந்த மூன்று மீகாமர் சொன்னால் அந்நாட்டைக் கடல் கொண்டதாக எழுதி, அதன் ஏட்டை மஞ்சளும் பூவும் வைத்துக் கடலில் விட்டுவிடுவது முறை.

ஏழாண்டுக்கு முன் ஒரு மீகாமன் வந்து புகை காணோம் என்றான். அடுத்த திங்கள் இன்னொருவன் வந்து அதையே சொன்னான். மூன்றாவதாக வந்தவன் சேந்தன் மீகாமன். அன்று துறையில் பதினான்கு கலங்கள் முறைக்குக் காத்திருந்தன. ஏறன் விடியலிலிருந்து எழுதி எழுதி விரல் வீங்கிப்போய், உச்சி சாய்ந்தும் உண்ணாமல் உட்கார்ந்திருந்தார். கிழக்குக் கடலில் புகை உண்டா என்று கேட்டார்.

சேந்தன், “புகை இல்ல சாமி. ஆனாக்க கறுப்பா, தாழ்வா, ஒரு மேடு மாதிரி...” என்று இழுத்தான்.

ஏறனுக்கு எரிச்சல் வந்துவிட்டது. “மேட்டையா கேட்டேன்? புகை உண்டா இல்லையா, அதைச் சொல்லும். பின்னால எத்தனை பேர் நிக்கிறாங்க பாத்தீரா?”

“இல்லீங்க சாமி” என்று சேந்தன் நகர்ந்துகொண்டான்.

அவ்வளவுதான் நடந்தது. ஒரு நாடு சுவடியை விட்டுப் போயிற்று. ஏறன் அதோடு நிற்கவுமில்லை. பொறுப்புள்ள ஆள் அல்லவா? மூழ்கிய இடத்தில் பாறைகள் மறைந்திருக்கலாம், ஆதலால் கால்நாள் ஓட்டத் தொலைவிலேயே கலத்தைத் திருப்பிக்கொள்க என்று மீகாமர் எல்லாருக்கும் எச்சரிக்கை ஓலையும் எழுதிவிட்டார். பின் வந்த ஆண்டுகளில் சில மீகாமர் அந்தப் பக்கம் வானோரத்தில் நெருப்பு தெரிவதாகச் சொன்னார்கள். மூழ்கிய நாட்டின் பேய்நெருப்பு என்று தங்களுக்குள் பேசிக்கொண்டு விரைந்து விலகினார்கள். அதையும் ஏறன் தம் கையாலேயே சுவடியில் ஏற்றினார், பேய்நெருப்பு என்றே. சேந்தன் மறு ஆண்டு காய்ச்சலில் இறந்துபோனான்.

இப்போது மாசித் திங்களுக்கு வருவோம். வந்தவர்களை ஏறன் சாவடிக்கு அழைத்து அமர்த்தினார். இவர்கள் பொய்யர் என்பதில் அவருக்கு ஐயமே இல்லை. பொய்யைப் பிடிக்கிற ஆவலோடுதான் உட்கார்ந்தேன் என்று எம்மிடம் வெட்கத்தோடு ஒப்புக்கொண்டார். அவர்களுக்குத் தலைவியாக நின்றவள் இலோமா என்ற பெண், நாற்பது வயதிருக்கும். அவள் தந்தை நம் வணிகர்க்குத் துபாசியாக இருந்தவராம். ஆகவே நம் மொழியை நம் கப்பல்காரர் பேசுவதுபோலவே பேசுகிறாள்.

குடிநீர் எங்கே என்று கேட்டார். அவள் யோசிக்கவேயில்லை. “கடலோரத்துல மணலைத் தோண்டுவோம். ஓதம் எறங்குற நேரத்துல மட்டும் நல்ல தண்ணி ஊறும். ஓதம் ஏறிருச்சுன்னா உப்பு. அதனால எங்க ஊருப் பொம்பளைங்க கடலைப் பாத்துத்தான் கொடத்தைத் தூக்குவோம்.”

கடலில் விட்ட அந்தப் பழைய ஏட்டின் முதல் வரி அதுதான். அது இந்த உலகத்தில் வேறு யாருக்கும் நினைவில்லை. ஏறனுக்கு மட்டுமே தெரியும்.

எந்தக் காற்றுக்கு மழை என்றார். பழைய ஏட்டில், கச்சான் மலையில் மோதி மேற்குச் சரிவில் பெய்யும் என்று இருந்தது. அவளோ, “முன்ன கச்சானுக்குப் பெய்யும். இப்ப மலையே குட்டையாயிருச்சே, மேகமெல்லாம் தலைக்கு மேலேயே போயிருது. பெஞ்சா உண்டு, இல்லைன்னா இல்ல” என்றாள்.

“மலை குட்டையாயிருச்சா?” என்று கேட்டார் ஏறன்.

“எட்டு வருசம் ஆச்சுங்க. வெடிச்சு மேல்பாதி பறந்துருச்சு. மூணு நாள் சூரியனைப் பாக்கல. அதோட அதுவும் அடங்கிருச்சு. அப்புறம் புகையவே இல்ல.”

அந்த இடத்தில் ஏறன் எழுத்தாணியைக் கீழே வைத்துவிட்டார். மூன்றாவது கேள்வியைக் கேட்காமலே எழுந்துவிடலாமா என்று தோன்றிற்றாம். ஆனால் இருபத்திரண்டு ஆண்டுப் பழக்கம் விடுமா, வாய் தானாகக் கேட்டுவிட்டது. ஊர் முழுதும் சேர்ந்து கடைசியாக எதற்கு அழுதீர்கள்?

அவள் சொன்னதை மெருகிடாமல் எழுதுகிறோம். எம் தமிழில் எழுதினால் அதன் சூடு ஆறிவிடும்.

“மலை வெடிச்சதுக்குன்னு நெனைக்கிறீங்களா? இல்லீங்க. அன்னிக்கு பாதி சனம் போச்சு, ஆனா அவங்கவங்க வீட்டுச் சாவுக்கு அவங்கவங்க அழுதோம். சேந்து அழ எங்க தெம்பு இருந்துச்சு? காடு பூரா எரிஞ்சு போச்சு, தோணி கட்ட ஒரு மரம் இல்ல. சரி, கப்பல்காரங்க வருவாங்க, அரிசி இருக்கும், இரும்பு இருக்கும்னு மிச்ச மேட்டு மேல ஏறி உக்காந்திருந்தோம். பாய் தெரிஞ்சுது. ஓடியாந்து தேங்கா மட்டையைக் குமிச்சுத் தீ வச்சோம். பாத்துக்கிட்டே இருக்கோம், கப்பல் திரும்புது. மறுவருசமும் வந்துச்சு, அதே எடத்துல திரும்புச்சு. யாரோ தண்ணில கோடு போட்டு வச்ச மாதிரி. நாலாம் வருசம் எம் புருசன் தாரேகு, எங்ககிட்ட மிச்சமிருந்த ஒத்தத் தோணியை எடுத்துக்கிட்டு, மூணு பேரோட அந்தக் கோட்டுல போயி நின்னாரு. கப்பல் வந்துச்சு. அவங்களைப் பாத்துச்சோ பாக்கலையோ, திரும்பிருச்சு. அன்னிக்கு ராத்திரி காத்து. தோணி வரல. அன்னிக்குத்தாங்க ஊரு பூரா மேட்டு மேல நின்னு அழுதோம். நாலு பேருக்காக இல்ல. எங்களைக் கண்டாலே விலகிப் போறாங்களே, நாங்க என்னத்த செஞ்சோம்னு.”

பிறகு அவள் கேட்டாள்: “எங்க நாடு இல்லைன்னு ஏதோ ஏட்டுல எழுதியிருக்காமே. எழுதினது யாருங்க? தெரிஞ்சா சொல்லுங்களேன். கோவிச்சுக்க மாட்டேன். எங்க மேல என்ன குத்தம்னு மட்டும் கேக்கணும்.”

நங்கையாரே, காரி ஏறன் அப்போது என்ன சொல்லியிருக்க வேண்டும் என்பது உங்களுக்கும் தெரியும், எமக்கும் தெரியும். அவருக்கும் தெரியும். “விசாரிச்சுச் சொல்றேன்மா” என்றார்.

அதற்குப் பின் ஒன்பது நாள். நாள்தோறும் காலையில் தம் வீட்டிலிருந்து ஒரு பானைக் கஞ்சியும் வறுத்த நெத்திலியும் கொண்டுபோய் அவர்கள் தங்கியிருந்த கொட்டகையில் வைப்பார். கலத்தின் ஓட்டையை அடைக்கத் தேங்காய் நாரும் குங்கிலியமும் வாங்கிக் கொடுத்தார். இலோமா ஒரு நாள், “இந்த ஊர்ல எங்களை ஆளா மதிச்சுப் பேசுறது நீங்க ஒருத்தர்தான் அண்ணே” என்றாளாம். அன்று வீட்டுக்குப் போனவர் சோற்றைப் பிசைந்ததோடு சரி, ஒரு வாய் இறங்கவில்லை. அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன் என்று எம்மிடம் சொல்லி அழுதார்.

இதை எழுதியதற்கு அவர் எம்மேல் வருந்தக்கூடும். வருந்தட்டும். அந்த ஒன்பது நாளும் அவர் நல்லவராக மட்டும் இருக்கவில்லை. கணக்கும் போட்டுக்கொண்டிருந்தார். பழைய ஏடு கடலோடு போயிற்று. சேந்தன் உயிரோடு இல்லை. அவன் வாய் திறந்ததையும் தாம் அடைத்ததையும் அறிந்தவர் வேறு யாருமில்லை. பொய் ஏடு எழுதியவன் எழுத்தாணியை மன்றில் வைத்து முறித்து, அவன் குடியில் எவரும் இனி எழுத்து வேலை பார்க்கலாகாது என்று விதிப்பது நம் முறை. ஏறனுக்குத் தெரிந்த தொழில் அது ஒன்றே. ஆகவே ஒரு நடுவழி கண்டுபிடித்தார். இவர்கள் ஏதோ ஒரு நாட்டார், பார்க்கப் பாவமாக இருக்கிறார்கள், இரக்கம் காட்டித் துறையிலேயே இருக்கவிடலாம் என்று உங்களுக்கு ஒரு விண்ணப்பம் எழுதினார். அது உங்கள் கைக்கு வந்திருக்கும். தூவாலி என்ற பெயரே அதில் இராது. பூசி மெழுகிய எழுத்து.

அந்த விண்ணப்பத்தை எழுதிய கையோடு கொட்டகைக்குப் போய், ஒருவேளை நீங்கள் இங்கேயே இருக்க வழி பிறக்கலாம் என்று இலோமாவிடம் சொன்னார். மகிழ்வாள் என்று எதிர்பார்த்தார் போலும்.

“நாங்க இருக்கலாம்னா, மத்தவங்க?” என்றாள் அவள். “முன்னூத்திப் பன்னெண்டு பேரை விட்டுட்டு வந்திருக்கேன் அண்ணே. வீட்டுக் கூரையைப் பிரிச்சுத்தான் இந்தக் கப்பலைக் கட்டினோம். அவங்க மொட்டை வெயில்ல கெடக்காங்க. நான் போயி அரிசிக் கப்பலோட வரேன்னு சொல்லிட்டு வந்திருக்கேன். மேட்டு மேல ஏறிப் பாத்துக்கிட்டிருப்பாங்க.”

கடல் கொண்டதாக எழுதப்பட்ட இடத்துக்கு அரசுக் கலம் போகலாகாது. அந்த விதியை அவளுக்கு எடுத்துச் சொல்லாமலே ஏறன் எழுந்தார். வீட்டுக்குப் போய் மேலாடையை எடுத்துக்கொண்டு, மாட்டு வண்டிக்குக்கூட நிற்காமல் தலைநகர்ச் சாலையில் நடக்கத் தொடங்கிவிட்டார்.

நான்காம் நாள் முற்பகல் எம் எழுத்து மண்டபத்தில் வந்து நின்றவரை எமக்கு முதலில் அடையாளம் தெரியவில்லை. கால் இரண்டும் வெடித்து, முகம் கறுத்து, யாரோ வழிப்போக்கன் என்றே நினைத்தோம். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னார். சேந்தனின் வாயை அடைத்தது முதல் கஞ்சிப் பானை வரைக்கும் ஒன்றையும் விடவில்லை. யாம் சினந்தோம் என்பதை மறைக்கவில்லை. கையிலிருந்த ஓலை நறுக்கை அவர்மேல் வீசினோம். “அறிவிருக்கிறதா உமக்கு? கரை தெரிந்ததா என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் என்ன குறைந்துபோயிருக்கும்?” என்று மண்டபம் அதிரக் கத்தினோம். பக்கத்தில் எழுதிக்கொண்டிருந்த எழுத்தர் இருவர் எழுந்து வெளியே போய்விட்டார்கள்.

அவரை நிற்க வைத்துவிட்டு, அரண்மனையில் காத்து வைத்திருந்த அந்த எச்சரிக்கை ஓலையின் மூலத்தைக் கொண்டுவரச் சொன்னோம். தூசி தட்டிப் பிரித்தோம். மேலே ஏறனின் எழுத்து, முத்து முத்தாக இருந்தது. கீழே முத்திரை. எம்முடைய முத்திரை.

நங்கையாரே, ஏழாண்டுக்கு முன் அந்த ஓலை வந்த நாள் எமக்கு நினைவே இல்லை. ஒரு நாடே மூழ்கிவிட்டது என்று ஒரு துண்டு ஓலை வருகிறது. அங்கே எத்தனை பேர் இருந்தார்கள், ஒருவராவது தப்பினாரா, போய்ப் பார்த்தது யார், எதையும் யாம் கேட்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு முத்திரை குத்திவிட்டு அடுத்த ஓலையை எடுத்திருக்கிறோம். அவருக்காவது பசி, பதினான்கு கலம், வீங்கிய விரல் என்று ஏதோ இருந்தது. எமக்கு அதுவுமில்லை. அதன் பிறகு கத்த வாய் வரவில்லை. அவரை உட்காரச் சொல்லி, தண்ணீர் கொண்டுவரச் சொல்லி, யாமும் எதிரே தரையில் அமர்ந்தோம்.

வேந்தரிடம் இருவருமே போய் நின்றோம். கேட்டு முடித்ததும் கோ அடலனார் திருவாய்மொழிந்த ஆணை இது, கேட்டு நடத்துக.

தூவாலியைக் கடல் கொள்ளவில்லை. நம் துறையில் வந்திருக்கும் முப்பத்தேழு பேரும் திசையிலார் அல்லர், நாடுள்ள மக்கள். அவர்களைக் கொட்டகையிலிருந்து உங்கள் விருந்தினர் மாளிகைக்கு இன்றே மாற்றுக. கச்சான் எழுந்த முதல் நாளே அரசுக் கலங்கள் இரண்டு, அரிசியும் இரும்பும் விதையும் கூரைக்கும் தோணிக்கும் ஆன மரமும் ஏற்றிக்கொண்டு தூவாலிக்குப் புறப்படுக. மீகாமர் இலோமா காட்டும் வழியில் செலுத்துக. கால்நாள் ஓட்டத் தொலைவு வந்ததும் பழக்கத்தில் கை திரும்பினால் அந்த மீகாமனைத் துடுப்புத் தண்டு வலிக்க அனுப்புக. மேட்டின்மேல் நிற்பவர்கள் பாயைப் பார்த்த கணம் முதல் கலம் கரை தட்டும் வரை முரசு ஓயாது ஒலிக்கட்டும், இம்முறை திரும்பவில்லை என்று அவர்களுக்குத் தெரிய வேண்டும். அடையாளம் காணாமையால் நாட்டை நீக்கும் முறை இன்றோடு ஒழிந்தது. இனி எந்த நாட்டையும், ஒருவர் போய்க் கரையில் கால் வைத்துக் குரல் கொடுத்துப் பார்க்காமல், இல்லை என்று எழுதலாகாது.

எழுத்தாணி முறிக்கும் விதியை வேந்தர் மாற்றவில்லை. முறை முறைதான் என்றார். ஆனால் அதற்கு முன் தூவாலிக்குப் புதிய ஏடு ஒன்று வேண்டும். அதை யார் எழுதுவது என்று இலோமா சொல்லட்டும். ஏறன் எழுதலாம் என்று அவள் இசைந்தால் அவர் எழுதுவார். எழுதி முடித்த பின்னும் எழுத்தாணியை முறிக்கத்தான் வேண்டுமா என்பதையும் அவளே சொல்வாள். ஏறன் எழுதவே வேண்டாம் என்று அவள் எழுந்து போனால் அன்றே முறிக்கப்படும். இதில் வேந்தரும் தலையிடார், யாமும் தலையிடோம், நீங்களும் தலையிடலாகாது.

இன்னும் ஒன்று. முப்பத்தேழு பேரையும் மன்றில் அமர்த்திய பின்னரே இதைப் பிரிக்க வேண்டும், கொண்டுவந்தவரே முழுதும் வாசிக்க வேண்டும் என்று மேலுறையில் எழுதியிருந்தோம். காரணம் சொல்லவில்லை. இப்போது சொல்கிறோம். ஆணையைக் கேட்டு யாம் எழுத அமர்ந்தபோது ஏறன் எம்மிடம் வந்து, ஓர் உதவி கேட்டார்.

“அந்த அம்மா கேட்டாங்க ஐயா, எழுதினது யாருன்னு. விசாரிச்சுச் சொல்றேன்னு சொல்லிட்டு வந்திருக்கேன். நானா சொன்னா மென்னு முழுங்கிருவேன், எனக்கு என்னைத் தெரியும். பசியில இருந்தேன், கூட்டமா இருந்துச்சுன்னு அதுதான் முதல்ல வாயில வரும். நீங்க எழுதுங்க. எதையும் கொறைக்காதீங்க. கட்டி முத்திரை வச்சுக் குடுத்திருங்க, வழியில பிரிச்சுப் பாக்க முடியாதபடி. அவங்க முன்னால நின்னு ஒரு எழுத்து விடாம நான் வாசிக்கிறேன்.”

ஆகவே, அவையோரே, இதுவரை நீங்கள் கேட்டுக்கொண்டிருந்த குரல் காரி ஏறனுடையது. இந்த வரிகளை அவரும் இப்போதுதான் முதல்முறை பார்க்கிறார். ஏறரே, வேண்டுமானால் நின்று தண்ணீர் குடித்துக்கொள்ளும். யாம் எழுதியவற்றில் சில உமக்குச் சுட்டிருக்கும். குறைக்காதீர் என்றது நீர்தானே.

அம்மா இலோமா, நீங்கள் அத்தனை தொலைவு கடல் தாண்டி வந்து ஒன்று கேட்டீர்கள். உங்கள் மக்கள்மேல் ஒரு குற்றமும் இல்லை. நோயுமில்லை, தீட்டுமில்லை, உங்களை யாரும் வெறுக்கவுமில்லை. கரை தெரிந்ததா என்று இரண்டு பேர் கேட்காமல் விட்டோம். உங்கள் தாரேகு அதனால்தான் திரும்பி வரவில்லை. அந்த இருவரில் ஒருவர் உங்கள் முன் நிற்கிறார். மற்றவன் இங்கே தலைநகரில் இருக்கிறேன். ஊருக்கு அரிசி சேர்த்துவிட்டு என்றைக்கு முடியுமோ அன்றைக்கு வாருங்கள்; எம் வாயிலில் உங்களை யாரும் தடுக்க மாட்டார்கள். எம் முகத்தைப் பார்த்தும் கேளுங்கள்.

கோ அடலனார் ஆட்சியாண்டு பத்தொன்பது, பங்குனித் திங்கள், வளர்பிறை ஆறாம் நாள். இம்முறை ஓலையை இருமுறை படித்துப் பார்த்த பின், பேரமைச்சன் நக்கன் கொற்றன் தன் கையால் வைத்த வலம்புரி முத்திரை. இது வேந்தர் ஆணை. மாற்றுவார் இல்லை, மறுப்பார் இல்லை.

எழுத்து முடிந்தது. ஏறரே, ஓலையைக் கீழே வைத்துவிட்டு அவளை நிமிர்ந்து பாரும்.